ஏப்ரல் 31

ஒருவர் ஓராண்டு முழுக்க வேலை பார்த்தாரா என்று தெரிந்துகொள்ள வழிகள் பல உண்டு. வருகைப் பதிவேட்டைப் புரட்டலாம். சம்பளப் பட்டியலைப் பார்க்கலாம். எஸ்.ஆர். புத்தகத்தில், அதாவது பணிப் பதிவேட்டில், என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்கலாம். ஒன்றிய அரசுக்கு இவை எதுவும் போதாது. ஆண்டு முடிந்த மறுநாள் காலையில் அந்த ஆள் நாற்காலியில் இருக்கிறாரா என்று எட்டிப் பார்க்கும். இருந்தால் சென்ற 365 நாளும் உழைத்தவர். இல்லையென்றால் அந்த 365 நாளும் காற்றோடு போச்சு.

இது கிறுக்குத்தனம் என்று சொல்ல உங்களுக்கு ஒரு நொடி போதும். அதையே சட்ட மொழியில் சொல்லி முடிக்க இந்த நாட்டின் தீர்ப்பாயங்களுக்கும் உயர் நீதிமன்றங்களுக்கும் உச்ச நீதிமன்றத்துக்கும் பத்தாண்டுக்கு மேல் ஆகியிருக்கிறது. சொல்லி முடித்துவிட்டார்களா என்பதிலும் எனக்குச் சந்தேகம்தான்.

விவகாரம் சின்னது. ஆறாவது ஊதியக் குழுவுக்குப் பிறகு, ஒன்றிய அரசு ஊழியர் எல்லோருக்கும் ஆண்டு ஊதிய உயர்வு ஜூலை 1 அன்று என்று 2008-ஆம் ஆண்டு விதிகள் வகுத்தன. அதற்கு முன் அவரவர் வேலையில் சேர்ந்த மாதத்தையோ பதவி உயர்ந்த மாதத்தையோ ஒட்டி ஆளுக்கொரு மாதத்தில் வந்துகொண்டிருந்தது. கணக்கு எழுதுகிறவர்களுக்கு வசதி என்று ஒரே தேதியாக்கினார்கள். இன்னொரு பக்கம் அடிப்படை விதி 56 இருக்கிறது. ஓய்வு வயதை எந்தத் தேதியில் எட்டினாலும் அந்த மாதக் கடைசி நாள் பிற்பகலில்தான் ஓய்வு. ஒன்றாம் தேதி பிறந்தவருக்கு மட்டும் முந்தைய மாதக் கடைசி நாள். அதுவும் கணக்கு எழுதுகிறவர்களின் வசதிக்குத்தான். இந்த இரண்டு வசதிகளும் ஒன்றோடொன்று முட்டிய இடத்தில் ஜூன் 30-இல் ஓய்வு பெறும் மனிதர் மாட்டிக்கொண்டார்.

ஜூன் 30 மாலை. பணி நிறைவுப் பாராட்டு விழா. சால்வை, சந்தன மாலை, ஒரு சுவர்க் கடிகாரம், "சார் மாதிரி ஒருத்தரை இனிமே இந்த ஆபீஸ் பாக்காது" என்று சார் இருந்தவரை சாரைத் திட்டியவரின் உரை. வீடு வரை வண்டியில் கொண்டுபோய் விட்டார்கள். அவர் தூங்கி எழுவதற்குள், போன ஜூலை முதல் இந்த ஜூன் வரை அவர் சம்பாதித்த ஊதிய உயர்வு அலுவலக வாசலில் வந்து நின்றது. பக்கத்து நாற்காலிக்காரருக்குக் கொடுத்தார்கள். இவர் நாற்காலி காலி. "வாங்க ஆள் இல்லை" என்று எழுதிக் கோப்பை மூடினார்கள்.

எவ்வளவு பணம்? ஊதிய உயர்வு மூன்று விழுக்காடு. அடிப்படை ஊதியம் 50,000 என்று வைத்துக்கொண்டால் 1,500. ஓய்வூதியம் அதில் பாதி. ஆக, மாதம் 750 ரூபாயும் அதன் மேல் அகவிலை நிவாரணமும். வேலூர் ஓய்வூதியருக்கு இரத்த அழுத்த மாத்திரையும் சர்க்கரை மாத்திரையும் வாங்கவே சரியாக இருக்கும். இந்தத் தொகையைத் தராமல் இருக்கத்தான் இந்தியக் குடியரசு தன் கூடுதல் சொலிசிட்டர் ஜெனரல்களைக் கறுப்பங்கி மாட்டி அனுப்பியது.

இதில் யார் மாட்டுவார் என்பதை முடிவு செய்தது எந்த நிதித் துறையும் இல்லை, பழைய தலைமையாசிரியர்கள்தான். பிறப்புச் சான்றிதழ் என்ற ஒன்றை யாரும் கண்ணால் பார்க்காத காலத்தில், சவ்வாது மலை அடிவாரத்துப் பிள்ளையைப் பள்ளியில் கொண்டுபோய் நிறுத்துவார்கள். வலது கையைத் தலைக்கு மேல் வளைத்து இடது காதைத் தொடச் சொல்வார் தலைமையாசிரியர். தொட்டுவிட்டால் ஐந்து வயது. பிறகு, பள்ளி திறக்கும் மாதத்துக்குத் தோதாக ஒரு தேதியைப் போட்டு எழுதிக்கொள்வார். ஜூலை 1 என்று எழுதியிருந்தால் அந்தப் பிள்ளை ஜூன் 30-இல் ஓய்வு பெறும், ஊதிய உயர்வு போகும். ஜூலை 2 என்று எழுதியிருந்தால் ஜூலை 31-இல் ஓய்வு, ஊதிய உயர்வு உண்டு. அன்றைக்கு அவர் பேனாவில் மை கொஞ்சம் கூடுதலாக ஓடியிருந்தால் இன்றைக்கு இவருக்கு ஆயுள் முழுக்க ஒரு படி கூடியிருக்கும். அரசியல் சட்டத்தின் 14-ஆம் பிரிவு சொல்லும் சமத்துவம் நடைமுறையில் அந்த மைக்கூட்டில்தான் இருந்தது.

இதை எதிர்த்த வழக்கு அய்யம்பெருமாளுடையது. 1982-இல் இந்திய வருவாய்ப் பணியில் சேர்ந்து, கூடுதல் தலைமை இயக்குநராக 2013 ஜூன் 30-இல் சென்னையில் ஓய்வு பெற்றவர். பெரிய அதிகாரி. கோப்பு எழுதத் தெரிந்தவர், விதி தெரிந்தவர், தில்லி எப்படி யோசிக்கும் என்று தெரிந்தவர். அவருக்கே மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் 2017 மார்ச்சில் கையை விரித்துவிட்டது. சென்னை உயர் நீதிமன்றம் 2017 செப்டம்பர் 15-இல் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. ஜூலை 1-இல் அவர் பணியில் இல்லை என்பது உண்மை. ஆனால் ஜூன் 30-ஆம் தேதியே ஓராண்டை முடித்துவிட்டார் என்பதும் உண்மை. ஆகவே ஓய்வூதியக் கணக்குக்காக மட்டும் கருத்தியலாக ஒரு ஊதிய உயர்வைச் சேருங்கள் என்றது. கையில் ஒரு பைசா பழைய சம்பளமாகத் தரச் சொல்லவில்லை. காகிதத்தில் ஒரு படி ஏற்றிவிட்டு அதில் ஓய்வூதியத்தைக் கணக்கிடச் சொன்னது, அவ்வளவுதான்.

அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2018 ஜூலை 23-இல் தள்ளுபடி. விட்டதா? மறுசீராய்வு மனு. 2019 ஆகஸ்ட் 8-இல் அதுவும் தள்ளுபடி. ஆறு ஆண்டு கழித்து அய்யம்பெருமாளுக்கு அவருடைய படி கிடைத்தது.

சரி, சட்டம் தெளிவாகிவிட்டது, இனி எல்லோருக்கும் கொடுத்துவிடுவார்கள் என்று நினைத்தவர்கள் அரசாங்கத்தில் முப்பது ஆண்டு வேலை பார்த்தும் அரசாங்கத்தைப் புரிந்துகொள்ளாதவர்கள். பணியாளர் துறையிலிருந்து ரயில்வே வரை எல்லா இடத்திலிருந்தும் ஒரே பதில் வந்தது: அந்தத் தீர்ப்பு அய்யம்பெருமாள் என்ற ஆளுக்கு மட்டும். உங்கள் பெயர் அய்யம்பெருமாளா? இல்லையே. பிறகு?

புவியீர்ப்பு நியூட்டன் தோட்டத்து ஆப்பிளுக்கு மட்டும் என்று சொல்லும் அறிவு இது. இத்தனைக்கும் ஒரே நிலையில் உள்ள ஊழியர்களில் ஒருவருக்குத் தீர்ப்பாகிக் கிடைத்த பலனை மற்றவர்களுக்கும் தர வேண்டும், அவர்கள் தனியாக வழக்குப் போடவில்லை என்பதற்காக வேறுபடுத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2014 அக்டோபரில் அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் பொது விதியாகவே சொல்லியிருக்கிறது. 2010-இல் ஒன்றிய அரசே தேசிய வழக்காடல் கொள்கை என்று ஒன்றை வெளியிட்டு, இனி நான் பொறுப்புள்ள வழக்காளி என்று அறிவித்துக்கொண்டது. கொள்கைப் பிரச்சினை ஏதும் இல்லாத ஓய்வூதிய வழக்குகளை மேல்முறையீட்டுக்கு இழுக்க மாட்டோம் என்பதும் அதில் உண்டு. கொள்கைப் பிரச்சினைக்குத்தானா பஞ்சம்? மாதம் 750 ரூபாயில் ஒரு நாட்டின் மொத்தக் கொள்கையையும் கண்டுபிடிக்க நிதித் துறையால் முடியும்.

ஆகவே கிழவர்கள் கிளம்பினார்கள். முழங்கால் தேய்ந்த தபால்காரர், கண்புரை அறுவை செய்துகொண்ட ரயில்வே கார்டு, தொலைபேசித் துறைக்காரர், வருமான வரித் துறைக்காரர். வேலூர் மாவட்டத்தில் அமிர்திப் பக்கம் கம்மவான்பேட்டை என்று ஓர் ஊர் உண்டு. வீட்டுக்கொருவர் பட்டாளத்தில் இருக்கும் ஊர் என்று பெயர் வாங்கி, ராணுவப்பேட்டை என்றே அழைக்கப்படுவது. அந்த மாதிரி ஊர்களின் சிப்பாய்களுக்கும் இதே ஜூலை 1 கணக்குதான். எல்லையில் காவல் நின்ற ஆள், ஜூன் 30-இல் வீடு திரும்பிய குற்றத்துக்காக ஆயுதப் படைத் தீர்ப்பாயத்தின் வாசலில் காவல் நிற்க வேண்டியதாயிற்று. குடியரசு நாளில் அவரைக் கூப்பிட்டுப் பொன்னாடை போர்த்துவார்கள். அதற்குத் தீர்ப்பாயம் தேவையில்லை.

நாடு முழுக்க உயர் நீதிமன்றங்கள் இரண்டாகப் பிரிந்து நின்றன. தில்லி, அலகாபாத், மத்தியப் பிரதேசம், ஒடிசா ஊழியர் பக்கம். கேரளம், இமாசலம், ஆந்திரத்தின் பழைய முழு அமர்வு அரசின் பக்கம். ஜூன் 30-க்கு அடுத்த நாள் என்ன என்பது நீங்கள் எந்த மாநிலத்தில் கண்விழிக்கிறீர்கள் என்பதைப் பொறுத்ததாக இருந்தது.

அரசுத் தரப்பின் வாதத்தைக் கொஞ்சம் ரசிக்க வேண்டும். ஊதிய உயர்வு என்பது ஊக்கத்தொகை. வருகிற ஆண்டில் நன்றாக வேலை பார்க்க ஊழியரைத் தூண்டுவது. ஓய்வு பெற்றவரைத் தூண்டி என்ன பயன்? கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இதே அரசின் அடிப்படை விதி 24, ஊதிய உயர்வு நிறுத்தி வைக்கப்பட்டாலொழிய இயல்பாகவே வழங்கப்படும் என்கிறது. நிறுத்தி வைப்பது தண்டனை. நம் ஊர் அலுவலகங்களில் 'இன்கிரிமென்ட் கட்' என்றால் அறையே அமைதியாகிவிடும். அதைச் செய்யவும் முறை உண்டு. குற்றச்சாட்டு மெமோ கொடுக்க வேண்டும், விளக்கம் கேட்க வேண்டும், மாநில ஒழுங்கு விதிகளின் 17(பி) என்றால் விசாரணையே நடத்த வேண்டும். லஞ்சம் வாங்கிப் பிடிபட்டவருக்குக் கூட இந்த மரியாதை உண்டு. ஒரு நாளும் தாமதமாக வராமல் ஜூன் 30-இல் ஓய்வு பெற்றவருக்கு மட்டும் மெமோ இல்லை, விசாரணை இல்லை, நேரே தண்டனை. அதுவும் சாகும் வரை.

2008 விதிகளைப் பிரித்தால் இன்னொரு வேடிக்கை. ஜூலை 1 அன்று புதிய ஊதியக் கட்டமைப்பில் ஆறு மாதம் முடித்திருந்தாலே போதும், முழு ஊதிய உயர்வும் உண்டு என்கிறது 10-ஆவது விதி. ஆறு மாதம் வேலை பார்த்து நாற்காலியில் இருப்பவருக்கு முழுதாக உண்டு. பன்னிரண்டு மாதம் வேலை பார்த்து முந்தின நாள் எழுந்து போனவருக்குச் சுத்தமாக இல்லை. ஆக, கூலி வேலைக்கல்ல, நாற்காலிக்கு.

ஆம்பூர் டேனரித் தொழிலாளிகளுக்கு இதைச் சொன்னால் சிரிப்பார்கள். ஏனென்றால் அவர்களுக்கு இதே அரசு வேறொரு கணக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறது. ஒரு தொழிலாளி 240 நாள் வேலை பார்த்திருந்தால் அவர் ஓராண்டு தொடர்ந்து பணியாற்றியவராகவே கருதப்படுவார் என்று 1947-ஆம் ஆண்டுத் தொழில் தகராறுச் சட்டத்தின் 25பி பிரிவில் எழுதி வைத்தது நாடாளுமன்றம்தான். 1965-ஆம் ஆண்டு போனஸ் சட்டம் இன்னும் தாராளமாக இருந்தது: ஓராண்டில் 30 நாள் வேலை பார்த்திருந்தாலே போனஸ் கேட்கலாம் என்றது. அதாவது, சுண்ணாம்புத் தொட்டியில் தோல் முக்கும் முதலாளியிடம் போய் அரசு கண்டிப்பாகச் சொல்கிறது: 240 நாள் என்றால் ஓராண்டு, மரியாதையாகக் கணக்கில் எடு. தன் சொந்த ஊழியர் 365 நாளை முடித்துவிட்டு வந்து நின்றால், "இது ஓராண்டா? யார் சொன்னது?" என்று கேட்கிறது.

240-ஆவது நாள் வந்துவிடக் கூடாதே என்று அதற்குப் பத்து நாள் முன்னாலேயே "கொஞ்ச நாள் வீட்ல ரெஸ்ட் எடுத்துட்டு வா" என்று தொழிலாளியை அனுப்பிவைத்து, பிறகு புதிய ஆளாகச் சேர்க்கும் முதலாளிகளை இந்தத் தோல் பட்டையில் எல்லோருக்கும் தெரியும். அவர்களைக் குறை சொல்லவே கூச்சமாக இருக்கிறது. நிதித் துறை செயலாளர்களுக்குத் தோன்றியது அவர்களுக்கும் தோன்றியிருக்கிறது.

தீர்ப்பு வந்தும் நிறைவேறாமல் கிடப்பது வேலூருக்குப் புதிதல்ல. டேனரிக் கழிவு பாலாற்றை நாசமாக்குவதை எதிர்த்து வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28-இல் தீர்ப்புச் சொன்னது. கெடுத்தவனே ஈடு கட்ட வேண்டும் என்ற கோட்பாட்டுக்கு இந்தியச் சட்டப் புத்தகங்களில் காட்டும் வழக்கு அது. அதே பாலாற்றுக்காக அதே உச்ச நீதிமன்றம் 2025 ஜனவரி 30-இல் மறுபடியும் உத்தரவு போட வேண்டியிருந்தது. நடுவில் 28 ஆண்டுகள். ஆற்றில் விஷம் கலப்பவனிடம் ஈடு வசூலிக்க அரசுக்கு 28 ஆண்டுப் பொறுமை இருக்கிறது. ஓய்வூதியரின் 750 ரூபாயைத் தடுக்க மட்டும் மேல்முறையீடு, அது போனால் மறுசீராய்வு. அந்தச் சுறுசுறுப்பில் பாதி பாலாற்றுப் பக்கம் திரும்பியிருந்தால் இன்று வாணியம்பாடியில் ஆற்று மணலில் உட்கார்ந்து கட்டுச்சோறு தின்னலாம்.

2023 ஏப்ரல் 11-இல்தான் உச்ச நீதிமன்றம் விரிவாகப் பேசியது. வழக்கு கர்நாடக மின் தொடரமைப்புக் கழகத்தின் முன்னாள் ஊழியர் முண்டினமணி முதலியோருடையது. நீதிபதிகள் எம்.ஆர். ஷா, சி.டி. ரவிகுமார். ஊதிய உயர்வு கடந்த ஓராண்டின் நற்பணிக்காக ஈட்டியது. அதை வாங்கும் தேதி மறுநாள் வருகிறது என்பதற்காக மறுப்பது தன்னிச்சையானது என்று கழகத்தின் மேல்முறையீட்டைத் தள்ளினார்கள். அடுத்த மாதமே சித்தராஜ் வழக்கில் ஒன்றிய அரசுக்கும் அதே முடிவு. ஒன்றிய அரசு மறுபடியும் மறுசீராய்வுக்குப் போனது. முதலில் ஒருவருக்கு மட்டும் என்றது, இப்போது எல்லோருக்கும் என்றால் எவ்வளவு செலவாகும் தெரியுமா என்று அழுதது. பத்தாண்டு கொடுக்காமல் சேர்த்து வைத்த கடனைக் காட்டி, கடன் பெரிதாகிவிட்டது, அதனால் கொடுக்க முடியாது என்பது எந்தக் கந்துவட்டிக்காரனுக்கும் வராத வாதம்.

அந்த வாதம் எடுபட்டது. 2024 செப்டம்பர் 6-இல் ஓர் இடைக்கால உத்தரவு. வழக்குக்கு வெளியே உள்ள மற்றவர்களுக்கு 2023 மே 1 முதல்தான் உயர்த்திய ஓய்வூதியம். அதற்கு முந்தைய காலத்துக்குக் கிடையாது. எந்த நாளுக்கு முந்தைய காலம் என்று உத்தரவில் ஒரு தேதி போட்டிருந்தார்கள்: 31.04.2023.

ஏப்ரல் 31.

தட்டச்சுப் பிழைதான், யாருக்கும் வரும். ஆனால் இந்த வழக்கில் வந்ததுதான் விசேஷம். ஒரே ஒரு நாளைக் காட்டி ஒரு தலைமுறை ஊழியர்களின் ஓராண்டு உழைப்பை இல்லையென்றார்கள். ஜூன் 30-க்கும் ஜூலை 1-க்கும் நடுவில் ஒரு மணி நேரத்தைக்கூட நீட்டித் தர முடியாது, விதி விதிதான் என்றார்கள். கடைசியில் அரசுக்கு மிச்சம் பிடித்துக் கொடுக்க நாட்காட்டியிலேயே இல்லாத ஒரு நாள் பிறந்து வந்து நின்றது. ஓய்வூதியருக்காக ஒருமுறையாவது ஜூன் 31 என்று ஒரு நாள் பிழையாகப் பிறந்திருக்கக் கூடாதா?

2025 பிப்ரவரி 20-இல் இறுதி உத்தரவு வந்தது. 2025 மே 20-இல் பணியாளர் துறை குறிப்பாணை வெளியிட்டு, ஜூன் 30-இலும் டிசம்பர் 31-இலும் ஓய்வு பெறுவோருக்குக் கருத்தியலான உயர்வு உண்டு என்று ஒப்புக்கொண்டது. டிசம்பர் 31 எங்கிருந்து வந்தது என்றால், ஏழாவது ஊதியக் குழு ஜூலை 1-உடன் ஜனவரி 1-ஐயும் ஊதிய உயர்வு நாளாக்கி, நசுங்குவதற்கு இரண்டாவது இடுக்கையும் திறந்துவிட்டிருந்தது. உயர்வு ஓய்வூதியத்துக்கு மட்டும். பணிக்கொடைக்குச் சேராது, விடுப்புச் சம்பளத்துக்குச் சேராது.

நிலுவைத் தொகையில்தான் நீதி முழு அழகோடு வெளிப்பட்டது. வழக்குத் தொடுத்தவர்களுக்கு மனுப் போட்ட மாதத்துக்கு முந்தைய மூன்றாண்டு வரை நிலுவை உண்டு. வழக்குப் போடாமல், உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது, அரசு தானாகத் தரும் என்று காத்திருந்தவர்களுக்கு 2023 மே 1 முதல். நம்பியவனுக்கு நாமம். அரசின் மேல் வழக்குப் போடாத குற்றத்துக்கு அரசே விதித்த அபராதம் இது.

எந்த ஓய்வூதியப் பிரிவு மேசையிலும் இப்படி ஒரு பேச்சு நடக்கக்கூடும்:

"சார் கேஸ் போட்டிருந்தாராம்மா?"

"கேஸா? கேஸெல்லாம் எதுக்குப்பா, சுப்ரீம் கோர்ட்டே சொல்லிடுச்சு, கவர்மென்ட்டு தானா குடுக்கும்னு சொல்லிக்கினு இருந்தாரு."

"தானா எங்கம்மா குடுக்கும். சார் எப்ப தவறினாரு?"

"ரெண்டாயிரத்து இருபத்திரண்டு, தை மாசம்."

"அப்ப அவர் பேருக்கு ஒண்ணும் வராதும்மா. உங்க ஃபேமிலி பென்ஷன்ல இருபத்துமூணு மே மாசத்துலேர்ந்து பாக்கலாம். ஒரு மனு எழுதிக் குடுத்துட்டுப் போங்க."

"இன்னா தம்பி எழுதணும்?"

உயிரோடு இருப்பவர்களுக்கும் ஆண்டுக்கொருமுறை பரீட்சை உண்டு. நவம்பர் வந்தால் கட்டைவிரலை வைத்தோ கண்ணைக் காட்டியோ தாம் இன்னும் சாகவில்லை என்று வாழ்வுச் சான்று தர வேண்டும். ஒரு நாள் பணியில் இல்லாததற்கு ஓராண்டை அழித்த அரசு, ஓராண்டு ஓய்வூதியம் வாங்க ஒரு நாள் உயிரோடு இருந்து காட்டச் சொல்கிறது.

இவ்வளவையும் தில்லியின் தலையில் போட்டுவிட்டு, திராவிட மண்ணில் தேனாறு ஓடுகிறது என்று எழுதினால் கைதட்டல் கிடைக்கும். பாதி நியாயமும் அதில் இருக்கிறது. தமிழ்நாட்டில் ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என நான்கு முதல் தேதிகளில் ஊதிய உயர்வு. 2003 மார்ச் 31-இல் ஓய்வு பெற்ற பாலசுப்ரமணியம் என்ற மாநில அரசு ஊழியரின் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் 2012-இலேயே இதே தீர்ப்பைச் சொன்னது. அதைத்தான் அய்யம்பெருமாள் வழக்கிலும் எடுத்துக்காட்டினார்கள். மாநில நிதித் துறை 2014 டிசம்பர் 31-இல் 311-ஆம் எண் அரசாணை போட்டு, ஓய்வூதியக் கணக்குக்கு ஒரு உயர்வு உண்டு என்றது. தில்லி ஒப்புக்கொள்வதற்குப் பத்தாண்டு முன்னால். அதற்காக ஒரு சால்வை போர்த்தலாம்.

போர்த்திய சால்வையை அப்படியே பிடுங்கிக்கொள்ளவும் காரணம் இருக்கிறது. அந்த அரசாணைக்கு முன்பே ஓய்வு பெற்றவர்களில் பலர் மறுபடி நீதிமன்றப் படி ஏற வேண்டியிருந்தது. 2003 ஏப்ரல் 1 முதல் வேலையில் சேர்ந்தவர்களைப் பழைய ஓய்வூதியத்திலிருந்தே வெளியே தள்ளிவிட்டதால், அவர்களுக்கு இந்தக் கருத்தியல் உயர்வைப் போட்டுப் பார்க்கப் பாத்திரமே இல்லாமல் போனது. உயர்கல்வி படித்த ஊழியருக்கும் ஆசிரியருக்கும் கொடுத்துவந்த ஊக்க ஊதிய உயர்வை 2020 மார்ச் 10-இல் ஓர் அரசாணையால் முடித்து வைத்தார்கள். ஒரு நாள் கணக்கிலும் தமிழ்நாடு தில்லிக்கு இளைத்ததல்ல. 2009 மே 31 வரை பணியில் சேர்ந்த இடைநிலை ஆசிரியருக்கு அடிப்படை ஊதியம் 8,370 ரூபாய். 2009 ஜூன் 1-இல் சேர்ந்தவருக்கு 5,200. அதே பட்டயம், அதே வகுப்பறை, அதே அ ஆ இ ஈ. ஒரே இரவில் 3,170 ரூபாய் குறைந்தது. சம வேலைக்குச் சம ஊதியம் கேட்டு அந்த ஆசிரியர்கள் சென்னையில் டி.பி.ஐ. வளாகத்தில் உண்ணாவிரதம் கிடந்தார்கள், மயங்கி விழுந்தார்கள், ஆட்சிகள் மாறின. எதிர்க்கட்சியாக இருக்கும்போது ஒவ்வொருவரும் பந்தலுக்கு வந்து கண் கலங்கினார்கள். ஆளுங்கட்சியானதும் நிதிநிலைமையைப் பார்த்துக் கலங்கினார்கள்.

இந்தத் தேதிச் சண்டையில் இடமே இல்லாதவர்களும் உண்டு. அமிர்தி உயிரியல் பூங்கா தொடங்கியது 1967-இல். சவ்வாது மலைக் காட்டின் விளிம்பு. ஞாயிற்றுக்கிழமை வேலூரிலிருந்து குடும்பங்கள் வந்து மானும் மயிலும் முதலையும் பார்த்துவிட்டுப் போகும். வனத்துறைக்கு இந்தக் காடுகளில் வேட்டைத் தடுப்புக் காவலர்கள் என்று ஒரு பிரிவு உண்டு. பெரும்பாலும் உள்ளூர்க்காரர்கள், மலைவாழ் மக்கள். சந்தனக் கடத்தல்காரன் வரும் இரவில் ரோந்து போக வேண்டியவர்கள். மாசி முதல் வைகாசி வரை காட்டுத்தீயைப் பச்சைக் கொப்பொடித்து அடித்து அணைக்க வேண்டியவர்கள். இவர்கள் வாங்குவது தொகுப்பூதியம். ஊதிய உயர்வு நாள் ஜூலை 1-ஆ அக்டோபர் 1-ஆ என்ற குழப்பமே இவர்களுக்கு இல்லை, எந்த மாதத்திலும் அது கிடையாது. ஓராண்டு முடித்தாரா என்று பார்க்க எஸ்.ஆர். புத்தகம் கிடையாது. மாதக் கடைசி நாள் பிற்பகல் ஓய்வு கிடையாது, ஓய்வு என்பதே கிடையாது, ஒரு நாள் வரவேண்டாம் என்பார்கள், அவ்வளவுதான்.

நிரந்தரமாக்கு என்று கேட்டால், பின்வாசல் நியமனங்களை முறைப்படுத்தக் கூடாது என்ற 2006-ஆம் ஆண்டு உமாதேவி தீர்ப்பை எடுத்து நீட்டுவார்கள். அந்தத் தீர்ப்பை மட்டும் யாரும் உமாதேவி என்ற ஆளுக்கு மட்டும் என்று சொல்வதில்லை, அது எல்லோருக்கும் உடனே பொருந்திவிடும். நீண்ட காலம் வேலை வாங்கிவிட்டு அந்தத் தீர்ப்பைக் கேடயமாகப் பிடிக்காதீர்கள் என்று உச்ச நீதிமன்றமே 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில் கடிந்துகொண்டது. அது ஜக்கோவுக்கு மட்டும் என்று ஏதோ ஓர் அலுவலகத்தில் இந்நேரம் குறிப்பு எழுதியிருப்பார்கள்.

ஜூன் 30-இல் ஓய்வு பெற்றவருக்காவது சண்டை போட ஒரு ஜூலை 1 இருந்தது. காவலருக்காக ஒன்றிய அரசும் மாநில அரசும் வேற்றுமை மறந்து ஒரு காரியத்தைச் செய்து வைத்திருக்கின்றன: வழக்குப் போட ஒரு தேதியைக்கூட விட்டு வைக்கவில்லை.